நாவல் வாசிப்பில் வரும் தடங்கல்கள்: அறிகுறி பார்த்துத் திருத்தும் வழிமுறை

எங்கள் ஊர்ச் சனசமூக நிலையத்தின் பின்னறையில் மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூடும் வாசிப்பு வட்டத்துக்கு, நாவலை முடித்து மகிழ்ந்து வருபவர்களைவிட, முடிக்க முடியாமல் வருபவர்களும், முடித்தும் தமக்கு ஒன்றும் கிடைக்கவில்லை என்று சொல்பவர்களுமே அதிகம். அவர்கள் சொல்லும் குறைகள் ஆண்டுக்காண்டு பெரிதாக மாறுவதில்லை. ஆகவே அவற்றை அறிகுறிகளாக வகுத்து, ஒவ்வொன்றிலும் எதை முதலில் பார்க்க வேண்டும், எதை மாற்றிப் பார்க்கலாம் என்று ஒரு கொப்பியில் எழுதிவந்தேன். அதைத்தான் இங்கே ஒழுங்குபடுத்தித் தருகிறேன். முழுவதையும் வரிசையாக வாசிக்க வேண்டியதில்லை. உங்கள் குறை எந்தத் தலைப்பின் கீழ் வருகிறதோ அங்கே நேராகப் போகலாம். ஆனால் எழுதியவரின் குரலையும் பாத்திரத்தின் குரலையும் பிரித்தறிவது பற்றிய பகுதியை மட்டும் எல்லோரும் வாசிக்க வேண்டும் என்பேன். மற்றக் குறைகளிற் பாதி, தோண்டிப் பார்த்தால், அங்கேதான் வேர் விட்டிருக்கின்றன.

முப்பதாம் பக்கத்துக்கு மேல் போக முடியவில்லை

முதலில் கண்ணைச் சோதியுங்கள். இது பகிடி அன்று. எங்கள் வட்டத்துக்கு வரும் ஓய்வுபெற்ற ஒருவர், இக்காலத்து நாவல்கள் யாவும் தலையிடி தருபவை என்று இரண்டு ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருந்தார். வெள்ளெழுத்துக்குக் கண்ணாடி போட்ட மாதத்திலேயே நானூறு பக்க நாவலொன்றை முடித்துக்கொண்டு வந்தார். நாற்பது வயதைத் தாண்டியவர்கள், தாம் புத்தகத்தைக் கை நீளத்துக்குத் தள்ளிப் பிடிக்கிறோமா என்று பார்த்துவிட்டே இலக்கியத்தைக் குறை சொல்ல வேண்டும்.

கண்ணில் பிழை இல்லையென்றால், முதல் அமர்வு எவ்வளவு நேரம் நீடித்தது என்று பாருங்கள். ஒரு சிறுகதையைப் பருத்தித்துறை பஸ் புறப்படும்வரை காத்திருக்கும் நேரத்தில் வாசித்துவிடலாம். நாவலின் தொடக்கம் அப்படி வாசிக்கத் தக்கதன்று. அதில் ஒரு வீடும் அதன் ஆட்களும் அவர்களுடைய பழைய கோபதாபங்களும் ஒன்றன்பின் ஒன்றாக வந்து நிற்கின்றன. பத்துப் பத்து நிமிடமாக வாசிப்பவர் ஒவ்வொரு முறையும் படலையில் நின்றே மீண்டும் தொடங்க வேண்டியிருக்கிறது. முதல் அமர்வுக்கு ஒரு மணித்தியாலமாவது ஒதுக்குங்கள். கைத்தொலைபேசி அடுத்த அறையில் இருக்கட்டும். முதல் ஐம்பது பக்கங்களை இரண்டு அமர்வுகளில் கடந்துவிட்டால், மிகுதியைப் பஸ்ஸிலும் வாசிக்கலாம்.

அப்படியும் நகரவில்லையென்றால், முதல் மூன்று பக்கங்களை வாய்விட்டு வாசியுங்கள். நம்முடைய கோயில்களில் நடைபெறும் புராணபடனத்தில் ஒருவர் பாட்டை வாசிக்க, மற்றவர் பயன் சொல்வார். வாசிப்பவர் அவசரப்பட்டால் பயன் சொல்பவர் என்ன சொன்னாலும் கேட்போர் மனதில் அது ஒட்டுவதில்லை என்பதைக் கந்தபுராணம் கேட்டு வளர்ந்தவர்கள் அறிவார்கள். நாவலுக்கும் அதற்கே உரிய ஒரு நடைவேகம் உண்டு. அந்த வேகத்தைக் கண் தவறவிட்டாலும் நாக்கு பிடித்துக்கொள்ளும்.

நூறு பக்கம் உண்மையான கவனத்தோடு வாசித்தும் ஒன்றும் பற்றவில்லையென்றால் மூடி வைத்துவிடுங்கள். அதில் வெட்கமில்லை. சில நூல்களுக்கு வாசகரின் வயது போதாமல் இருக்கும். சில நூல்கள் உண்மையிலேயே நல்லவையாக இருக்க மாட்டா.

கதை மட்டும் நினைவில் நிற்கிறது, வேறு எதுவும் நிற்கவில்லை

இது நம் ஊரில் மிகப் பரவலாகக் காணப்படும் குறை. இதன் காரணம் பெரும்பாலும் பரீட்சை. சாதாரணதரத்திலும் உயர்தரத்திலும் கதைச்சுருக்கம், பாத்திரப் பண்பு, கருப்பொருள் என்று மூன்று பெட்டிகளில் நாவலைப் பிரித்துப் போடப் பழகிய மனம், பரீட்சை முடிந்து முப்பது ஆண்டுகள் கழிந்தும் அந்தப் பெட்டிகளையே தேடுகிறது. புராணபடன மொழியில் சொன்னால், பாட்டைக் கேட்கும் முன்பே பயனுக்குத் தாவுகிறோம்.

ஆங்கில நாவலாசிரியர் இ. எம். ஃபார்ஸ்டர் 1927இல் வெளிவந்த தம் விரிவுரை நூலில் கதைக்கும் கதைப்பின்னலுக்கும் உள்ள வேறுபாட்டை இரண்டே வாக்கியங்களிற் காட்டினார். அரசன் இறந்தான், பின்னர் அரசியும் இறந்தாள் என்பது கதை. அரசன் இறந்தான், அந்தத் துயரத்தால் அரசியும் இறந்தாள் என்பது கதைப்பின்னல். முன்னதைக் கேட்பவர் "பிறகு?" என்கிறார், பின்னதைக் கேட்பவர் "ஏன்?" என்கிறார். இவ்விரண்டையும் கேட்கத் தெரிந்த வாசகரும் நாவலின் பாதியைத்தான் பெறுகிறார் என்பது என் அனுபவம். அரசி துயரத்தால் இறந்தாள் என்று நமக்குச் சொல்பவர் யார், அவருக்கு அது எப்படித் தெரியும் என்பது மூன்றாவது கேள்வி.

திருத்தும் முறை எளியது. ஒவ்வோர் அத்தியாயமும் முடிந்தபின் புத்தகத்தை மூடிவிட்டு, நடந்ததை எழுதாமல், அந்த அத்தியாயத்தில் கதைக்குத் தேவையே இல்லாதது போலத் தெரிந்த ஒரு பொருளை மட்டும் எழுதுங்கள். முதலாம் அத்தியாயத்தில் ஒரு வீட்டின் வேலி புதுக்கிடுகால் அடைக்கப்படுகிறது என்று வைத்துக்கொள்வோம். எட்டாம் அத்தியாயத்தில் அந்த வேலியில் ஒரு பொட்டு இருக்கிறது. பிள்ளைகள் அதனூடாக அடுத்த வளவுக்குப் போய் வருகிறார்கள். பதினைந்தாம் அத்தியாயத்தில் பொட்டை முட்கம்பியால் அடைத்திருக்கிறார்கள். கடைசி அத்தியாயத்தில் வெளிநாட்டுக் காசில் மதில் எழும்பியிருக்கிறது. இந்த நாவலின் கதைச்சுருக்கத்தில் வேலிக்கு இடமே இருக்காது. அதில் ஒரு கல்யாணமும் ஒரு காணி வழக்கும் ஒரு மரணமும் இருக்கும். ஆனால் இரண்டு குடும்பங்களுக்கிடையில் உண்மையில் என்ன நடந்தது என்பதை வேலிதான் சொல்லிக்கொண்டிருந்தது. அந்தப் பொருள் இரண்டாம் முறை வரும்போது பக்க எண்ணைக் குறித்துவையுங்கள். மூன்றாம் முறை வரும்போது நீங்கள் நடந்ததை மறந்து, சொல்லப்படும் விதத்தைப் பார்க்கத் தொடங்கியிருப்பீர்கள்.

பெயர்கள் குழம்புகின்றன

ருஷ்ய நாவல்களில் இது நிச்சயம் நேரும். அங்கே ஒருவருக்குச் சொந்தப் பெயர், தந்தை பெயரிலிருந்து பிறந்த பெயர், குடும்பப் பெயர் என மூன்று உண்டு. இவற்றுக்கு மேல் செல்லப் பெயரும் உண்டு. தஸ்தயேவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலில் ரஸ்கோல்னிகவ், ரோதியோன் ரொமானவிச், ரோத்யா ஆகிய மூன்றும் ஓராளையே குறிப்பவை. தாய் ரோத்யா என்பாள், பொலிசு விசாரணை செய்பவர் ரோதியோன் ரொமானவிச் என்பார். ஆகவே பெயர் மாறினால் ஆள் மாறவில்லை, கூப்பிடுபவரின் உறவே மாறியிருக்கிறது என்று கொள்ளுங்கள். ஒரு சிறிய தாளில் பெயர்களை எழுதிப் புத்தகத்துள் வையுங்கள். பெயருக்கு எதிரே ஆளின் தோற்றத்தை எழுதாமல், யாருக்கு அவர் என்ன முறை என்பதை எழுதுங்கள். நம் நாவல்களிலும் சின்னம்மா, பெரியண்ணை, மாமி என்பவை பேசுபவருக்குப் பேசுபவர் வேறு ஆளைக் குறிக்கும் என்பதால் இந்தத் தாள் அங்கும் உதவும்.

சொற்கள் விளங்கவில்லை

கரிசல்காட்டு நாவலையோ கொங்கு நாட்டு நாவலையோ எடுக்கும் யாழ்ப்பாண வாசகருக்கும், நம் தீவகத்து நாவலை எடுக்கும் தஞ்சாவூர் வாசகருக்கும் இது ஒரே அளவில் வரும் தடங்கல். முதல் அத்தியாயத்தில் அகராதியைத் தொடாதீர்கள். விளங்காத சொல்லின் கீழ் பென்சிலால் ஒரு புள்ளி மட்டும் வையுங்கள். திரும்பத் திரும்ப வரும் சொல் தன் பொருளைத் தானே காட்டிவிடும். மூன்று முறை வந்தும் பொருள் திறக்காத சொல்லை மட்டும் தேடுங்கள்.

எங்கே தேடுவது என்பதையும் சொல்ல வேண்டும். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி, யாழ்ப்பாண வழக்குகளைத் தனிக் குறியிட்டே காட்டுகிறது. க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி 2008ஆம் ஆண்டுப் பதிப்பிலிருந்து இலங்கை வழக்குகளுக்கு இடம் கொடுத்திருக்கிறது. அகராதிப் பணியில் நமக்கு நீண்ட மரபு உண்டு. மானிப்பாய் அகராதி என்று வழங்கும் யாழ்ப்பாண அகராதி 1842இலேயே அச்சேறிவிட்டது. ஆனாலும் கிணற்றடி, தோட்டம், கடற்றொழில் பற்றிய சொற்களுக்கு அகராதியைவிட அந்தத் தொழில் செய்யும் ஒருவரிடம் கேட்பதே மேல். துலா எப்படி இயங்கும் என்பதைக் கண்ணாற் கண்ட ஒருவர் சொல்லும்போது, மூன்று பேர் சேர்ந்து தண்ணீர் இறைக்கும் ஒரு காட்சியில் யார் மேலே மிதிக்கிறார், யார் கீழே நின்று இறைக்கிறார், அந்த ஒழுங்கில் ஊரின் ஏற்றத்தாழ்வு எப்படி நிற்கிறது என்பதெல்லாம் சேர்ந்தே விளங்கும்.

உரையாடல் பேச்சுவழக்கில் இருப்பதால் அலுப்பாக இருக்கிறது என்போருக்கு ஒரு சொல். 1960களின் தொடக்கத்தில் இதே முறைப்பாட்டை நம் பண்டிதர்கள் சிலர் எழுப்பினார்கள்; பேச்சுமொழியில் எழுதப்பட்டவற்றை இழிசனர் வழக்கு என்று அவர்கள் ஒதுக்க, முற்போக்கு எழுத்தாளர்கள் எதிர்த்து எழுத, அது பெரும் விவாதமானது. யாருடைய பேச்சு அச்சில் வரலாம் என்பதே அங்கு உண்மையான பிரச்சினை. அந்த உரையாடல்களை வாய்விட்டு வாசித்தால் அலுப்புப் போய்விடும்.

எழுதியவர் சொல்வது எது, பாத்திரம் சொல்வது எது என்று தெரியவில்லை

ஆழ்ந்த வாசிப்பு என்று சொல்லப்படுவதில் முக்காற்பங்கு இதுதான் என்பது என் முடிவு. நேர்கூற்று, அயற்கூற்று என்ற இரண்டை நாம் பள்ளியிற் படித்தோம். நாவல்கள் பெரும்பாலும் இவ்விரண்டிலும் சேராத மூன்றாவது ஒன்றிலேயே எழுதப்படுகின்றன. அதை விளக்கும் பொருட்டு நானே எழுதிய ஐந்து வாக்கியங்களைத் தருகிறேன்:

பரமேசுவரி படலையைத் திறந்தாள். விறாந்தையில் கதிரைகள் போட்டிருந்தன. மூன்று. ஆக, தம்பியும் வருகிறானாம். வந்து என்னத்தை வெட்டி விழுத்தப் போகிறான்.

முதல் இரண்டு வாக்கியங்களும் கதைசொல்லியுடையவை. "மூன்று" என்ற ஒற்றைச் சொல்லில் நாம் பரமேசுவரியின் கண்ணுக்குள் போய்விடுகிறோம், எண்ணுபவள் அவள்தான். "ஆக" என்பது அவளுடைய ஊகம். "வருகிறானாம்" என்பதில் உள்ள ஆம், இந்தச் செய்தி அவளுக்கு வேறொருவர் வாயால் வந்தது என்று காட்டுகிறது. அவளை யாரும் நேரே அழைத்துச் சொல்லவில்லை என்பதும் அதற்குள் இருக்கிறது. கொஞ்சம் ஏளனமும் இருக்கிறது. கடைசிப் பகுதி முழுவதும் அவளுடைய நாக்கு. ஆனால் "என்று நினைத்தாள்" என்று எங்கும் எழுதப்படவில்லை. மேற்கோள் குறியும் இல்லை. அவசரமாக வாசிப்பவர், தம்பி உதவாக்கரை என்று ஆசிரியரே தீர்ப்புச் சொல்லிவிட்டதாக எடுத்துக்கொண்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவார். நூறு பக்கம் தாண்டித் தம்பி நல்லதொன்று செய்யும்போது, பாத்திரப் படைப்பில் முரண் இருக்கிறது என்று ஆசிரியரைக் குறை சொல்வார். முரண் பரமேசுவரியின் மனத்தில் இருந்தது.

இந்தக் குழப்பம் நமக்கு மட்டும் உரியதன்று. குஸ்தாவ் ஃபுளோபேரின் 'மதாம் பொவாரி' மீது 1857இல் பாரிசில் ஒழுக்கக்கேடு என்று வழக்குத் தொடரப்பட்டபோது, கதாநாயகி தன் கள்ளக்காதலை எண்ணிப் பூரிக்கும் பகுதிகளை அரசதரப்பு வழக்கறிஞர் அதைப் போற்றும் எழுத்தாகவே கொண்டார். அவை அவளுடைய எண்ணங்கள், ஆசிரியரின் புகழுரைகள் அல்ல என்று பிற்கால ஆய்வாளர்கள் எடுத்துக்காட்டியுள்ளனர். ஆசிரியர் விடுதலையானார்.

சோதனை இதுதான். ஐயம் தரும் வாக்கியத்தை எடுத்து, அதன் முடிவில் "என்று அவள் நினைத்தாள்" என்பதைச் சேர்த்துப் பாருங்கள். பொருத்தமாக ஒட்டிக்கொண்டால் அது பாத்திரத்தின் குரல். ஒட்டவில்லையென்றால் கதைசொல்லியின் குரல். இரண்டுக்கும் இடையில் நின்றால், அந்த இடத்தில் ஆசிரியர் வேண்டுமென்றே உங்களை நிறுத்தியிருக்கிறார். அங்கே இன்னொரு முறை வாசியுங்கள்.

தமிழ் வாசகருக்கு மற்ற மொழியினருக்கு எளிதில் வாய்க்காத சில கருவிகள் உண்டு. ஆம், ஓ, தான், போலும் ஆகிய சிறு ஒட்டுகளை ஒரு பக்கத்தில் வட்டமிட்டுக்கொண்டு போனால், யாருக்கு எது உறுதியாகத் தெரியும், யார் கேள்விப்பட்டதைச் சொல்கிறார், யார் சந்தேகப்படுகிறார் என்பது தானாகவே வெளிப்படும். அடுத்தது மரியாதைச் சொற்கள். யாழ்ப்பாணப் பேச்சில் நீ, நீர், நீங்கள் என்ற மூன்று படிகள் இன்றும் உயிரோடிருக்கின்றன. நாற்பது பக்கமாக மனைவியை "நீர்" என்று பேசிவந்த கணவன் ஒரு வாக்கியத்தில் "நீ" என்று மாறினால், அங்கே ஏதோ முறிந்திருக்கிறது, அல்லது மிகவும் நெருங்கியிருக்கிறது. எது என்பதை முன்பின் வரிகள் சொல்லும். "இஞ்சாருங்கோ" என்று தொடங்கும் பெண் ஒருநாள் அப்படித் தொடங்காமலே பேசினால் அதுவும் ஒரு நிகழ்ச்சிதான். கதைச்சுருக்கம் எழுதுபவர் இதைப் பதிவதில்லை.

கதைசொல்லி பயன்படுத்தும் அவன், அவர் என்ற சொற்களையும் விடாதீர்கள். பழைய நாவல்கள் சிலவற்றில் நிலவுடைமையாளருக்கு "அவர்" என்றும், அவரைவிட இருபது வயது மூத்த தொழிலாளிக்கு "அவன்" என்றும் கதைசொல்லியே எழுதிச் செல்வதைக் காணலாம். பாத்திரங்கள் "நயினார்", "நாச்சியார்" என்று விளிப்பது அக்காலச் சமூகத்தின் பதிவு. ஆனால் கதைசொல்லியும் அதே படிவரிசையில் நின்றால், அந்த நாவல் எதைக் கண்டிப்பதாகச் சொல்லிக்கொள்கிறதோ அதைத் தன் இலக்கணத்திற் காப்பாற்றி வைத்திருக்கிறது. சில எழுத்தாளர்கள் இதை உணர்ந்தே தலைகீழாக்கினார்கள். எந்த நாவல் எதைச் செய்கிறது என்று பார்க்க ஒரு கோட்பாடும் வேண்டாம். ஒரு பென்சில் போதும்.

"நான்" என்று சொல்லப்படும் கதைகளில் இன்னொரு பிழை வரும். நமக்கு நேரே பேசுபவரை நாம் நம்பிவிடுகிறோம். அமெரிக்க விமர்சகர் வெய்ன் பூத் 1961இல் இத்தகையோரில் ஒரு வகையினருக்கு நம்பத்தகாத கதைசொல்லி என்று பெயரிட்டார். அவர் பொய் சொல்பவராக இருக்க வேண்டியதில்லை. தன்னையே அறியாதவராக இருக்கலாம். அவர் சொல்வதும், மற்றவர்கள் அவருக்கு முன் நடந்துகொள்வதும் பொருந்துகின்றனவா என்று பாருங்கள். தான் ஒருபோதும் கோபப்படாதவன் என்று சொல்லும் தகப்பன் படலையைத் திறக்கும் ஓசை கேட்டதும் பிள்ளைகள் குசினிப் பக்கம் போய்விடுகிறார்கள் என்றால், பிள்ளைகளை நம்புங்கள்.

ஒன்றும் நடக்கவில்லை, சலிப்பாக இருக்கிறது

இங்கே இரண்டு வெவ்வேறு காரணங்கள் ஒரே அறிகுறியைத் தருகின்றன. முதலாவது, ஆசிரியர் காலத்தைப் பங்கிட்டிருக்கும் முறையை வாசகர் கவனிக்காமை. ஒரு தாளில் இரண்டு நிரல் போட்டு, ஒன்றில் பக்கங்களையும் மற்றதில் அப்பக்கங்களில் கழிந்த காலத்தையும் எழுதுங்கள். மூன்று ஆண்டுகள் ஒரு வரியிலும், ஒரு செத்தவீட்டின் ஓர் இரவு இருபத்தைந்து பக்கத்திலும் வந்திருந்தால், ஒன்றும் நடக்காதது போலத் தெரிந்த அந்த இரவிலேயே நாவல் இருக்கிறது. விடுபட்ட மூன்று ஆண்டுகளையும் கேளுங்கள். ஏன் அதைச் சொல்லவில்லை?

வருணனைகளைத் தாண்டிச் செல்பவர்கள் காலக்கணக்கையும் தவறவிடுகிறார்கள். வாடை, சோளகம், கச்சான், கொண்டல் என்று காற்றின் பெயர் வந்தால் அது வெறும் அழகுக்கு வைக்கப்பட்டதன்று. சோளகம் வாடையாக மாறிவிட்டது என்ற ஒரு வரி, அரை ஆண்டு கழிந்தது என்பதையும், கரையில் வாடி போட்டிருந்தவர்கள் இடம் மாறியிருப்பார்கள் என்பதையும் கடற்கரை ஊரவருக்குச் சொல்லிவிடுகிறது.

இரண்டாவது காரணம் தொடர்கதை. வார இதழுக்காக எழுதப்பட்டவற்றை ஒரே மூச்சில் வாசிக்கும்போது, ஒவ்வோர் அத்தியாய முடிவிலும் வரும் திடுக்கிடலும், முன்கதையை நினைவூட்டும் பத்திகளும் சலிப்பைத் தரும். கல்கியின் 'பொன்னியின் செல்வன்' 1950 முதல் 1954 வரை வாரந்தோறும் வந்தது. அதை விடுமுறையில் பத்து நாளில் முடிப்பவர், நான்கு ஆண்டுக்குப் பரிமாறிய விருந்தை ஒரே இலையிற் போட்டுக்கொள்கிறார். நாளுக்கு இரண்டு அத்தியாயத்தோடு நிறுத்திப் பாருங்கள்.

"இது ஆருடைய கதை?" என்பதிலேயே மனம் நிற்கிறது

நம் ஊருக்கே உரிய நோய் என்று சொன்னால் மற்ற ஊரவர் கோபிக்கலாம்; ஆனால் இங்கே அது முற்றிய நிலையில் உண்டு. நாவலில் ஒரு பரியாரி வந்தால் அவர் எந்தப் பரியாரி, அந்த வீடு எந்தச் சந்திக்குக் கிழக்கே, அந்தப் பெண் யாருக்கு மருமகள் என்று தேடத் தொடங்கிவிடுகிறோம். எங்கள் வட்டத்தில் ஒரு முறை இரண்டு மணித்தியாலக் கலந்துரையாடலில் ஒன்றரை மணித்தியாலம், கதையில் வரும் ஒரு தேநீர்க்கடை உண்மையில் வீதியின் எந்தப் பக்கம் இருந்தது என்பதிற் போனது. நானும் அதில் ஈடுபட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். இரண்டு பக்கமும் சாட்சிகள் இருந்தார்கள்.

அறிவு வேண்டாம் என்று இதற்குப் பொருளில்லை. கே. டானியலின் 'பஞ்சமர்' நாவலை, 1960களின் பிற்பகுதியில் சாதியால் ஒதுக்கப்பட்டோருக்காக இங்கே நடந்த தேநீர்க்கடைப் பிரவேச, ஆலயப் பிரவேசப் போராட்டங்களை அறியாமல் வாசிப்பவர் அதன் சூட்டை உணர மாட்டார். 1968இல் மாவிட்டபுரத்தில் கோயில் வாசலில் நின்றவர்கள் யாருக்காக நின்றார்கள் என்பது தெரிந்திருக்க வேண்டும். ஆனால் நிகழ்ச்சியை அறிவதும், பாத்திரத்தை ஓர் உயிருள்ள ஆளோடு ஒட்டிவிடுவதும் வேறு. ஒட்டியபின் நாம் அந்த ஆளைப் பற்றி முன்பே அறிந்ததை நாவலுக்குள் கொண்டுபோகிறோம். நாவல் அவரைப் பற்றிச் சொல்லும் புதிய எதையும் கேட்பதில்லை.

திருத்தம்: ஒத்திருக்கும் இடங்களை விட்டு, ஒவ்வாத இடங்களைப் பட்டியலிடுங்கள். உண்மையான ஆளுக்கு மூன்று பிள்ளைகள், நாவலில் ஒன்று. உண்மையில் அவர் கொழும்பிற் செத்தார், நாவலிற் கிணற்றடியில். இவை ஆசிரியரின் தெரிவுகள். ஏன் ஒரு பிள்ளை, ஏன் கிணற்றடி என்று கேட்கத் தொடங்கினால் ஊர்க்கதை நின்றுவிடும்.

போர் பற்றிய நாவல்களை வாசிக்க முடியவில்லை; வாசித்தால் எந்தப் பக்கம் என்றே தேடுகிறேன்

முதற் பாதிக்குத் திருத்தம் என்று ஒன்றும் இல்லை. ஒரு பக்கத்தில் வரும் ஷெல் சத்தம் உங்கள் வீட்டுக் கூரையில் விழுந்ததாக இருந்தால் புத்தகத்தை மூடுங்கள். இலக்கியத்துக்கு நீங்கள் கடன்பட்டவர் அல்லர். பிறிதொரு நாட்டின் போரைப் பற்றிய நாவலிலிருந்து தொடங்கிய சிலர், அந்தத் தூரம் தமக்கு உதவியதாகச் சொல்லியிருக்கிறார்கள்.

இரண்டாம் பாதி வாசிப்புப் பிழைதான். ஆசிரியர் எந்த இயக்கத்துக்கு ஆதரவு என்று முதற் பத்துப் பக்கத்திற் தீர்மானித்துவிட்டு, மிகுதியை அந்தத் தீர்மானத்துக்குச் சான்று தேடும் வழக்குக் கோவையாக வாசிக்கிறோம். மேலே சொன்ன குரற் சோதனையை இங்கேயும் செய்யுங்கள். ஒரு போராளி ஒன்றைச் சொன்னால் அது போராளி சொன்னது. ஒரு தாய் சபித்தால் அது தாயின் சாபம். எல்லாக் குரலும் ஆசிரியரின் பக்கத்தையே திரும்பச் சொல்கின்றன என்று சோதனைக்குப் பின்னும் தெரிந்தால், அது நாவலின் குறை. அப்போது தயங்காமற் சொல்லுங்கள்.

நூல் கிடைக்கவில்லை

1981இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது அழிந்த ஏறத்தாழ 97,000 நூல்களோடு பல பழைய பதிப்புகளும் போயின. 1995 ஒக்ரோபர் இடப்பெயர்வில் வீட்டு அலுமாரிகள் போயின. 2005 முதல் இயங்கிவரும் 'நூலகம்' என்ற எண்ணிம நூலகத்தில் ஈழத்து நாவல்கள் பல இலவசமாகக் கிடைக்கின்றன. கைத்தொலைபேசியில் வாசிப்பது கடினமென்றால் முதல் இரண்டு அத்தியாயங்களை மட்டும் அச்செடுத்துத் தொடங்குங்கள்.

எல்லோரும் புகழ்கிறார்கள், எனக்கு ஒன்றும் தோன்றவில்லை

விமர்சனத்தை முன்பே வாசித்தீர்களா என்று பாருங்கள். க. கைலாசபதியின் 'தமிழ் நாவல் இலக்கியம்' 1968இலும், கா. சிவத்தம்பியின் 'நாவலும் வாழ்க்கையும்' 1978இலும் வந்தன. நாவலைச் சமூகத்தோடு வைத்துப் பார்க்க நம்மைப் பழக்கியவர்கள் அவர்கள். அவர்களை வாசிக்காமல் இருப்பது நட்டம். ஆனால் நாவலுக்கு முன்பே வாசித்தால், அவர்கள் கண்டதைத் தேடிக் காண்பதோடு வாசிப்பு முடிந்துவிடுகிறது. காணாவிட்டால் நம்மில் ஏதோ குறை என்று படுகிறது. நாவலை ஒரு முறை தனியே வாசித்து, உங்களுக்குப் பிடிக்காததை ஒரு பக்கம் எழுதிவைத்த பின்னரே விமர்சனத்தைத் திறவுங்கள். "பிடிக்கவில்லை" என்பதோடு நிறுத்தாமல், எந்தப் பக்கத்தில் கவனம் விலகியது என்று எண்ணைக் குறியுங்கள். எண் குறித்துக்கொண்டு வருபவரோடுதான் எங்கள் வட்டத்தில் நல்ல சண்டைகள் நடந்திருக்கின்றன.

ஒரு மாதத்தில் மறந்துவிடுகிறது

கடைசிப் பக்கத்தை முடித்த அன்றே முதல் அத்தியாயத்தைத் திரும்ப வாசியுங்கள். அரை மணித்தியாலம் போதும். முதல் முறை வெறும் தகவலாகக் கடந்துபோன வரிகள், முடிவு தெரிந்தபின் வேறு பொருள் தருவதைக் காண்பீர்கள். முழுமையான இரண்டாம் வாசிப்புக்கு ஓர் ஆண்டாவது விடுங்கள்.

குறிப்புகளைப் புத்தகத்தின் ஓரத்தில் எழுதாமல் தனிக் கொப்பியிற் பக்க எண்ணோடு எழுதுவது நல்லது என்பதை நான் தற்செயலாகவே அறிந்துகொண்டேன். இருபது வயதிற் கோடு கோடாக அடிக்கோடிட்டு வாசித்த நாவலொன்றின் பிரதி, இடப்பெயர்வில் வீட்டோடு போய்விட்டது. பல ஆண்டுகள் கழித்து வேறொருவரிடம் இரவல் வாங்கிய சுத்தமான பிரதியில் அதை மீண்டும் வாசித்தபோது, அந்தப் பழைய கோடுகள் எங்கே இருந்தன என்று ஓரிடம்கூட என்னாற் கண்டுபிடிக்க முடியவில்லை. நான் இம்முறை நின்ற இடங்கள் எல்லாம் கதாநாயகனின் தாய் பேசாமல் இருக்கும் இடங்களாக இருந்தன. கோடுகள் இருந்திருந்தால் கண் அவற்றின் மீதே போயிருக்கும்.